செவ்வாய்க்கிழமைக் காயம்

லவோன் நாற்காலியோடு கம்ப்யூட்டர் திரையை விட்டுப் பின்னால் நகர்ந்தாள்.

"இந்த சார்ட்டுக்கு நீ கோட் போட்ருடி. டுவேனோடது. பேரத் தாண்டி ஒரு வரி நான் படிக்கல."

டுவேன் அவள் புருஷன். எங்கள் கவுண்டி நிர்வாகத்தில் ரோட்டுப் பனி தள்ளும் வண்டி ஓட்டுகிறவர். செவ்வாய்தோறும் பௌலிங் போவார், கனமான பந்தை உருட்டிக் கட்டைகளைச் சாய்க்கிற ஆட்டம். போன செவ்வாய்க்கிழமை கட்டைவிரலில் பெரிய கட்டோடு வீட்டுக்கு வந்து, பௌலிங் பந்து நசுக்கிவிட்டது என்றிருக்கிறார்.

பௌலிங் கூடத்தின் கூரை பனிப் பாரம் தாங்காமல் இடிந்து மூன்று வாரம் ஆகிறது. அது லவோனுக்குத் தெரியாது என்று நினைத்துவிட்டார், பாவம்.

மூன்று செவ்வாயும் பந்துப் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பியிருக்கிறார். மூன்று செவ்வாயும் அவள் ஒன்றும் கேட்கவில்லை. எவளிடம் போகிறாரோ என்று என்னிடம் மட்டும் ஒருநாள் சொல்லி அழுதாள்.

இப்போது பதில் என் திரையில் இருக்கிறது.

எங்கள் பிழைப்பு அப்படி. ஆஸ்பத்திரியில் டாக்டர் எழுதிய நோயாளி சார்ட்டைப் படித்து, என்ன காயம், எந்த இடத்தில், என்ன செய்துகொண்டிருந்தபோது என்று ஒவ்வொன்றுக்கும் இன்சூரன்ஸுக்காக ஒரு கோட் போட வேண்டும். கைவேலைக்கே பல கோட். பின்னல் போடும்போது குத்திக்கொண்டால் ஒன்று, தைக்கும்போது என்றால் வேறு, நாற்காலி செய்யும்போது என்றால் இன்னொன்று.

ஆனால் சொந்தக்காரர் சார்ட்டைத் தொடக் கூடாது. படித்தவள் வாயைத் திறக்கக் கூடாது. போன வருஷம் தன் அக்காவின் சார்ட்டை எட்டிப் பார்த்த ஒருத்தியை அன்று மத்தியானமே வேலையை விட்டு வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

லவோன் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துகொண்டாள். என் முகம் எதையாவது சொல்லிவிடுமோ என்று பயம். ஆறிப்போன காபியை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள்.

அந்த ஆள் மட்டும் கையில் கிடைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்கணும் என்று கறுவிக்கொண்டே சார்ட்டைத் திறந்தேன்.

இடம்: லூத்தரன் சர்ச், கீழ்த்தளம்.

காயம்: தையல் மெஷின் ஊசி கட்டைவிரல் நகத்தில் இறங்கி, உள்ளேயே முறிந்துவிட்டது.

திரும்பவும் படித்தேன். செவ்வாய்தோறும் அங்கே பதினோரு பெண்கள் கூடித் துண்டுத்துணிகளைச் சேர்த்துப் போர்வை தைப்பார்கள். டுவேன் பன்னிரண்டாவது ஆள். பதினோரு பேரும் மூச்சு விடவில்லை, அதுதான் அதிசயம்.

கீழே டாக்டர் ஒன்று விடாமல் எழுதியிருந்தார். மனைவியின் அறுபதாவது பிறந்தநாளுக்குப் போர்வையாம். கோணாமல் தைக்க மட்டும் இன்னும் வரவில்லையாம். மனைவி இதே ஆஸ்பத்திரியில் ஏதோ கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறாளாம், அவள் காதுக்கு மட்டும் போகக் கூடாது என்று நர்ஸிடம் சத்தியம் வாங்கினாராம்.

இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியும், பெண்டாட்டி இங்கே என்ன வேலை பார்க்கிறாள் என்று அந்த மனுஷனுக்குப் புரியவே இல்லை.

உதட்டைக் கடித்தேன். கழுத்துத் துணியை வாயில் திணித்தேன். ஆறடி நாலங்குல ஆள், பதினோரு பெண்களுக்கு நடுவில் நாக்கைத் துருத்திக்கொண்டு ஊசியில் நூல் கோக்கிறார். அவ்வளவுதான், வெடித்துச் சிரித்துவிட்டேன். அடக்க அடக்க இன்னும் வந்தது. கண்ணில் தண்ணீர் கொட்டியது.

பிறகுதான் உறைத்தது. வாயைத் திறக்கக் கூடாது என்றுதானே சட்டம்? சிரிப்பைப் பற்றி அதில் என்ன எழுதியிருக்கிறது என்று எனக்கு ஞாபகம் இல்லை.

லவோனின் தோள் குலுங்கியது. ஐயோ, அழ வைத்துவிட்டேனே என்று பதறி எழுந்து போனேன். சத்தமில்லாமல் சிரித்துக்கொண்டிருந்தாள். என்ன விஷயம் என்று அவளுக்குத் தெரியாது. அவள் புருஷன் இன்னொருத்தியிடம் போயிருந்தால் நான் இப்படிச் சிரிக்க மாட்டேன் என்பது மட்டும் தெரியும்.

சுவரைப் பார்த்தபடியே காபியை ஒரே மடக்கில் குடித்துவிட்டுச் சொன்னாள்:

"வர்ற செவ்வாக்கிழம அவருக்குச் சீக்கிரமே சாப்பாடு போட்ரணும்டி. பௌலிங்குக்கு லேட்டாயிரப் போகுது."