முழந்தாளிடாத சாமுராய்

“நான் முழந்தாளிட மாட்டன், அக்கா.”

பார்க் எக்ஸ்டென்ஷன் கத்தோலிக்கக் கோயிலின் நிலக்கீழ் மண்டபத்தில், அட்டை வாளை இடுப்பில் செருகியபடி றெனோல்ட் மூன்றாவது தடவையாகச் சொன்னான்.

சிசிலிக்குத் தலை வெடிக்கும் போலிருந்தது. ஞாயிற்றுக்கிழமை திருநாள். அன்றைக்கு மேடையேற வேண்டிய கூத்து. ஒரு வருடமாக வேலை முடிந்து வந்து இருந்து எழுதியிருந்தாள். பலம் வாய்ந்த ஒரு குலத்தைத் தனி ஆளாக எதிர்த்த சாமுராயின் கதை. கடைசியில் அவன் முழந்தாளிட, குலத் தலைவர் சமாதானம் செய்வார்.

“போன ஒத்திகையிலை செய்தனிதானே?”

“அப்ப யோசிக்கேல்லை. அவ்வளவு காலம் எதிர்த்தவன் கடைசியிலை ஏன் பணியவேணும்? நிண்டபடியே சமாதானமாகட்டும்.”

குலத் தலைவராகச் சிம்மாசனத்தில் இருந்தவர் பத்திநாதர். கூத்துக்கு வெளியேயும் அவருக்கு அதே வேடம்தான். கோயிலின் பங்குச் சபைக்கு அவர் தலைவர், மகன் கிறிஸ்தோப்பர் செயலாளர், மைக் பிடிப்பது மருமகன். போன வருடத் தேர்தலில் அவரை எதிர்த்து நின்ற ஒரே ஆள் றெனோல்ட். தோற்றும் வாய் அடங்கவில்லை.

“இவருக்குத் தேர்தல் காய்ச்சல் இன்னும் விடேல்லை,” என்றார் கிறிஸ்தோப்பர். “அப்பாவுக்கு முன்னாலை முழந்தாளிட ரோசம்.”

“ரோசம்தான். அடுத்த தேர்தலிலையும் எதிர்த்து நிப்பன். மண்டபத்தைப் பூட்டினாலும் வெளியிலை நிண்டு கேள்வி கேப்பன்.”

“பாத்தீங்களே அக்கா, கூத்தைக் குழப்பத்தான் வந்திருக்கிறார்.”

மண்டபம் முழுவதும் கிறிஸ்தோப்பர் பக்கம். சிசிலியும்தான். மனுசனுக்கு ரோசம் இருக்கலாம், திருநாளைக் கெடுக்கிற ரோசம் எதற்கு?

“கடைசியாக் கேக்கிறன். முழந்தாளிடுவியா, மாட்டியா?”

“மாட்டன்.”

“அப்ப வாளைத் தா. கிறிஸ்தோப்பர் ஆடட்டும்.”

றெனோல்ட்டின் முகம் செத்துவிட்டது. சென்ட் லோரன்ட் களஞ்சியத்தில் பெட்டி தூக்கிய கையோடு, இரண்டு பஸ் மாறி வந்து பாட்டுப் பழகியவன். ஒரு நாள்கூடத் தவறவில்லை. இருந்தும் வாளை உருவிக் கொடுத்தான். ஜாக்கெட்டை எடுத்துக்கொண்டு கதவுப் பக்கம் நடந்தான்.

“றெனோல்ட், நில்.”

பத்திநாதரின் குரல்.

“விடுங்கோ அண்ணை. ஒண்டும் சொல்ல வேண்டாம்,” என்றான் அவன், திரும்பாமலே.

பத்திநாதர் மகனைப் பார்த்தார். மருமகனைப் பார்த்தார். சொல்ல அவருக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் சொன்னார்.

“முழந்தாளிட்டவனைத் தலைவர் குனிஞ்சு, இரண்டு கையாலையும் தூக்கி நிறுத்தவேணும். அதுதானே எங்கட கூத்து வழக்கம். போன கிழமை ஒத்திகை முடிஞ்சு நீங்களெல்லாம் போனாப் பிறகு, இந்த மண்டபப் படியிலை இடுப்புப் பிடிச்சு, எழும்பேலாமல் கிடந்தன். தூக்கிவிட்டவன் இவன். ஞாயிற்றுக்கிழமை சனத்துக்கு முன்னாலை நான் குனிஞ்சால் நிமிரமாட்டன் எண்டு இவனுக்கு மட்டும்தான் தெரியும்.”