ஸ்டூலைப் பிடித்தவள்

பியூஸ் கட்டையைப் பிடுங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்காரர் கோட்டைச்சாமி போய், இன்றோடு பதினேழு நாள்.

சுருளியம்மாளின் மோட்டார் தையல் மிஷின் அன்றைக்குப் படுத்ததுதான். வாடகை மாதம் தவறியதில்லை. ஆனால் அவருக்கு வேண்டியது வாடகை இல்லை, இடம். கம்பம் மெயின் ரோட்டை ஒட்டிய வீடு. இடித்துவிட்டு மகனுக்கு செல்போன் கடை கட்ட வேண்டுமாம்.

"வீட்டுக்காரர்ங்கிறதுக்காக நெனச்ச நேரம் கரண்டை நிறுத்த முடியாதும்மா. சட்டம் இருக்கு," என்றார் வக்கீல் ஜெபமணி. "ஆனா, வயரிங் பழுதுன்னு அவரு கோர்ட்டுல எழுதிக் குடுத்திருக்காரு. இல்ல, அவருதான் பிடுங்கினாருன்னு சொல்ல ஒரு சாட்சி வேணும்."

பட்டப்பகலில் நடந்தது. தெருவே பார்த்தது. ஆனாலும் வாசல் வாசலாக ஏறி இறங்கியதுதான் மிச்சம்.

"நாங்களும் ரெண்டு வீட்டை வாடகைக்கு விட்டிருக்கோம்ல ஆத்தா?" என்றார் ஒருவர்.

"அவுக எனக்கு மாமன் முறை. எப்படிச் சொல்றது?" என்றாள் இன்னொருத்தி.

ஜீப் ஓட்டிவிட்டு வந்த புருஷன் முத்துவீரனிடம் சுருளியம்மாள் பொருமினாள்.

"இவுகெல்லாம் மனுசங்களா? எல்லாத்தையும் விடுங்க. மாடியில இருக்காகளே அந்தம்மா, அவுகளும் ஒரு பொம்பளதான? எறங்கி வந்து என்ன ஏதுன்னு கேட்டாகளா? கொழாயடியில பாத்தாக்கூட மூஞ்சியத் திருப்பிக்கிறாக."

அந்தம்மா, கோட்டைச்சாமியின் மனைவி சந்தனம்மாள். விசாரணை நாளில் அவளையே தன் சாட்சியாகக் கூட்டிக்கொண்டு வந்திருந்தார் கோட்டைச்சாமி.

அவள் கூண்டில் ஏறியதும் சுருளியம்மாளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"வயரிங் பழுதாகித்தான கரண்டு போச்சு?" என்று கேட்டார் கோட்டைச்சாமியின் வக்கீல்.

சந்தனம்மாள் புருஷனைப் பார்த்தாள். பிறகு நீதிபதியைப் பார்த்தாள்.

"வயரிங்ல ஒரு கொறையும் இல்லீங்கய்யா. கட்டையப் பிடுங்கினது இவுகதான். ஏறுன ஸ்டூல நாந்தான் பிடிச்சுக்கிட்டு நின்னேன்."

அவருடைய வக்கீல் ஃபைலை மூடிவிட்டு உட்கார்ந்தார்.

உடனே இணைப்பைக் கொடுக்கச் சொல்லி உத்தரவானது. சாயங்காலம் கோட்டைச்சாமியே வந்து, யார் முகத்தையும் பார்க்காமல் கட்டையை மாட்டிவிட்டு மாடியேறினார்.

பல்பு எரிந்தது. மிஷின் ஓடியது. சுருளியம்மாளுக்குக் கண் கலங்கிவிட்டது.

"அந்தம்மாவப் போயி என்னென்னமோ பேசிப்புட்டேன். தெய்வம்ங்க அவுக!"

சொல்லி வாய் மூடவில்லை. மாடியில் கூச்சல். "எவளுக்குச் சாட்சி சொன்னியோ அவகிட்டயே போடி!" படியில் என்னவோ உருண்டு விழுந்தது. கதவு அறைந்து சாத்தப்பட்டது.

கொஞ்ச நேரத்தில் இவர்கள் கதவைத் தட்டும் சத்தம்.

"சுருளி... நாந்தான் ஆத்தா, சந்தனம். இன்னைக்கு ஒரு பொழுது மட்டும் ஒதுங்கிக்கிறேன். விடிஞ்சதும் வடுகபட்டித் தங்கச்சி வீட்டுக்குப் போயிர்றேன்."

முத்துவீரன் எழுந்தான். சுருளியம்மாள் அவன் கையைப் பிடித்து இழுத்தாள்.

"எங்க போறீக? உக்காருங்க!" குரலைத் தணித்துக்கொண்டாள். "இவுகள உள்ள விட்டா அந்தாளு நம்மளச் சும்மா விடுவாரா? அது புருசன் பொண்டாட்டி விவகாரம். நமக்கு எதுக்கு?"

"ஏ, நமக்காகச் சாட்சி சொன்னவுகடி..."

"மெதுவாப் பேசுங்க, வெளிய கேக்கும்."

மறுபடியும் தட்டும் சத்தம். "சுருளி, உள்ளதான இருக்க?"

சுருளியம்மாள் சத்தம் காட்டாமல் எழுந்து போய், லைட்டை அணைத்தாள்.