தகவல் மேசையிலிருந்து ஓர் அறிவிப்பு

"நான் காணாமப் போனா மைக்ல கூப்பிடுவியா?" என்று ஒருமுறை என் கணவர் கேட்டார்.

"காணாமப் போறது குழந்தைங்க. உங்களை யார் தூக்கிட்டுப் போகப் போறா?" என்றேன்.

இந்த வணிக வளாகம் திறந்த நாளிலிருந்து கீழ்த்தளத் தகவல் மேசையில் இருக்கிறேன். முதல் மாடியில் அவருடைய தையல் கடை இருந்தது. அவர் இறந்தபின் அங்கே செருப்புக் கடை வந்தது, அப்புறம் செல்போன் கடை, அப்புறம் பொம்மைக் கடை. ஆனாலும் அவ்வப்போது யாராவது என்னிடம் வந்து, "மேல டெய்லர் அளவு எடுத்தாரே, துணி எப்பக் கிடைக்கும்?" என்பார்கள்.

"மைக்ல பேசுறது என் வீட்டுக்காரின்னு ஒரே பெருமை அவருக்கு," என்று மேலே அளவு கொடுத்துவிட்டு வந்த ஒரு பெண் சிரித்தாள்.

ஒவ்வொரு முறையும் மாடிக்கு ஓடுவேன். செருப்போ, செல்போனோ, பொம்மையோதான் இருக்கும். ஊருக்கெல்லாம் தென்படுகிறவர் எனக்கு மட்டும் தென்படவில்லை.

இன்று வளாகத்தை மூடுகிறார்கள். பொம்மைக் கடையும் நேற்றே காலியாகிவிட்டது. மின்சாரத்தைத் துண்டிக்க வந்த எலக்ட்ரீஷியன் மாடியிலிருந்து இறங்கினார். அவருடைய பேண்ட்டின் அடிப்பக்கம் மடிக்கப்பட்டு, வரிசையாகக் குண்டூசிகள் குத்தியிருந்தன.

"அக்கா, யாரு அந்த டெய்லர்? பேண்ட் கால் நீளமா இருக்குன்னு பிடிச்சு நிக்க வச்சுட்டாரு. மெயின் ஆஃப் பண்ணலாமா?"

"ஒரு நிமிஷம், தம்பி."

மைக்கை அழுத்தினேன்.

"முதல் மாடித் தையல்காரர் எங்கிருந்தாலும் உடனே தகவல் மேசைக்கு வரவும்."

அதற்குமேல் அறிவிப்புக் குரலில் பேச வரவில்லை.

"உங்களைக் காணோம்ங்க. கீழ இறங்கி வாங்க."