பெரிய இடம் தேடிய அத்தை

“இவளுக்குப் பத்திரிகை வெச்சது யாரு?”

திண்டிவனம் கல்யாண மண்டபத்து வாசலில் அக்கா விசாலாட்சியைப் பார்த்ததும் தெய்வசிகாமணிக்குச் சுர்ரென்று ஏறியது.

ஏறாதா பின்னே? அவர் மகள் சங்கவி பிறந்தபோதே, அக்கா மகன் பூவரசனுக்குத்தான் என்று பேசி வைத்தது. போன வருஷம் அதே அக்கா நாலு பேர் முன்னால், “எம் பையனுக்குப் பெரிய எடமாப் பாக்கப் போறேன்” என்று கையை விரித்துவிட்டாள். ஊரே அவளைப் பேராசைக்காரி என்று காறித் துப்பியது.

“நான்தாம்ப்பா வரச் சொன்னேன்.” கழுத்தில் புதுத்தாலியோடு ஓடி வந்த சங்கவி, இருவரையும் மணமகள் அறைக்குள் இழுத்துப்போய்க் கதவைச் சாத்தினாள்.

“போன வருஷம் எனக்கு அசதியா இருக்குன்னு அத்தைதான் என்ன முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கினு போனாங்க. மூச்சுக் காத்த ஒடம்பு பூரா தூக்கிக்கினு போறது ரத்தத்துல இருக்குற சிவப்புதான். அத உண்டாக்குற மரபணு எனக்கு ஒண்ணு கோளாறு. தலசீமியான்னாங்க. பூவரசு மாமாவுக்கும் அதே இருக்கு.”

“ஐயோ, ஒனக்கு எங்கிருந்தும்மா வந்துது?”

“ஒங்கிட்டருந்துதான். அத்தைக்கு இருக்கு, அப்டின்னா ஒனக்கும் இருக்கும்.”

“எனக்கா? மல்லாட்டை மூட்டைய ஒண்டியா தூக்கறவன் நான்.”

“ஒண்ணு மட்டும் இருந்தா பெருசா ஒண்ணும் பண்ணாதுப்பா. ரெண்டு பேருக்கும் இருந்து கட்டிக்கினா, பொறக்கற கொழந்தைக்கு மாசாமாசம் ரத்தம் ஏத்தற மாதிரி ஆயிடலாம்.”

“மாப்ளைக்கு இது தெரியுமா?”

“தெரியும். டெஸ்ட் எடுத்துப் பாத்துட்டாரு, அவருக்கு இல்ல. அவரு ஜாதகத்தத் தரகர்கிட்ட குடுத்து அனுப்புனதே அத்தைதான்.”

தெய்வசிகாமணி அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

“இத அப்பவே சொல்லியிருக்கலாமே? பூவரசனுக்கு எந்தப் பெரிய எடமும் நீ பாக்கலியே. எதுக்கு அப்டி ஒரு பொய்?”

விசாலாட்சி சிரித்தாள்.

“பொண்ணு ரத்தத்துல கொறைன்னு ஊர்ல ஒரு பேச்சு வந்தா காலத்துக்கும் போவாதுடா. எனக்குப் பேராசைன்னா ரெண்டு நாள் பேசிட்டு மறந்துடுவாங்கன்னு நெனச்சேன். நீதான் ஒரு வருஷமா மறக்காம இருந்துட்ட.”