பிணத்துக்கு வந்த தும்மல்

“யோவ், செத்தவன் எந்த ஊர்லய்யா தும்முவான்?” இயக்குநர் மைக்கில் அலறினார்.

கட்டிலில் கிடந்த பிணம் எழுந்து உட்கார்ந்து, “மன்னிச்சுக்கங்க சார், பவுடர் மூக்குல ஏறிடுச்சு” என்றது.

பிண வேடம் நம்மாளுக்குப் புதிதல்ல. இருபது வருடத்தில் முப்பத்தெட்டுப் படம், முப்பத்தொரு சாவு. மீதி ஏழில் அந்தச் சாவையும் எடிட்டிங்கில் வெட்டிவிட்டார்கள். இடையிடையே எழுதவும் செய்வார். இந்தப் படத்து வசனம்கூட அவருடையதுதான். பெயர் மட்டும் இயக்குநருடையது. அது இயக்குநரையும் உதவி இயக்குநரையும் தவிர வேறு யாருக்கும் தெரியாது.

மனைவி வேடத்தில் இருந்த நடிகையம்மா, பிணத்தின் நெஞ்சில் கை வைத்து, அரைப் பக்க வசனத்தை ஒரே மூச்சில் சொல்லி அழ வேண்டும். நோயில் படுத்தெழுந்து, மூன்று வருடம் கழித்து நடிக்க வந்தவர். நேற்று நாலு தடவை திக்கிவிட்டார்.

“இன்னிக்கு ஒரு தடவை திக்கினாலும் ஆளை மாத்திடுங்க” என்று சொல்லிவிட்டு, தயாரிப்பாளர் கட்டிலுக்கு எதிரிலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

இரண்டாவது டேக். பாதி வசனத்தில் மறுபடியும் தும்மல். மூன்றாவதில் இருமல். நான்காவதில் பிணத்தின் கால் கட்டைவிரல் ஆடியது. ஐந்தாவதில் விக்கல்!

உதவி இயக்குநர் காதோரம் குனிந்தார். “அண்ணே, உங்க வசனத்தைக் கேட்டு நீங்களே புல்லரிச்சுப் போறீங்களா? அந்தம்மா உயிரைக் கொடுத்து நடிக்கறாங்க, இப்படிக் கெடுக்கறீங்களே!”

“உடம்பு சொன்ன பேச்சுக் கேக்கலையே, என்ன செய்ய?”

ஆறாவது டேக்கில் அம்மா மொத்த வசனத்தையும் கொட்டித் தீர்த்தார். செட்டே கைதட்டியது. தயாரிப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இயக்குநர் நேரே பிணத்திடம் வந்தார். “நாளைக்கு ஃபிளாஷ்பேக்ல உனக்கு ஒரு வரி இருந்துச்சே, அது கிடையாது. செத்தே ஒழுங்கா நடிக்கத் தெரியலை, இதுல உயிரோட வேற வரணுமா?”

இருபது வருடத்தில் வாய் திறந்து பேசக் கிடைத்த முதல் வரி. தனக்கென்று தானே பார்த்துப் பார்த்து எழுதிக்கொண்டது. நம்மாள் தலையை ஆட்டிவிட்டு முகம் கழுவப் போனார்.

மேக்கப் அறை வாசலில் அம்மா மறித்தார். “என்மேல உங்களுக்கு என்ன கோபம்? வேணும்னேதானே தும்மினீங்க?”

“ஆமாம்மா. உங்க விரல் என் நெஞ்சுல நடுங்கினா, அடுத்த வார்த்தை வரலைன்னு எனக்குத் தெரிஞ்சுடும். நீங்க திக்கினா வேலை போயிடும். நான் சொதப்பினா யாருக்கும் ஆச்சரியமே இருக்காது.”

அம்மா தடுமாறினார். “அதுக்காக, உங்களுக்குக் கிடைச்ச ஒரே ஒரு வரியை...”

“போகட்டும்மா. மூச்சு விட இடம் வைக்காம அந்த அரைப் பக்கத்தை எழுதின பாவியே நான்தான். தும்மியாவது இடம் விட வேண்டாமா?”