வியன்னாவில் தோற்ற ஆட்டம்

"அப்பாகிட்ட சதுரங்கத்தப் பத்தி மட்டும் வாயத் தொறந்துராதய்யா," என்று சாரம்மாள் காலையிலேயே மகனிடம் கெஞ்சிவிட்டாள்.

பாக்கியசீலனுக்கு அது மறக்குமா? பத்து வருஷத்துக்கு முன்னால், "உபதேசியார் வீட்டுல சூதாட்டமா?" என்று கத்தி, சர்ச்சில் உபதேசம் செய்யும் அப்பா ஞானாபரணம் அவனுடைய பலகையையும் காய்களையும் தாமிரபரணியில் வீசினார். அந்தக் கோபத்தில் தூத்துக்குடியில் கப்பலேறியவன், ஐரோப்பாவில் பெரிய ஆட்டக்காரனாகி, இந்த 1912இல்தான் பாளையங்கோட்டைக்குத் திரும்பியிருக்கிறான். ஆற்று மணலில் கட்டம் கீறி நண்பர்களோடு ஆடிய சாயங்காலங்கள், போன ஊரில் எல்லாம் அவன் நினைவுக்கு வந்துகொண்டே இருந்தன.

மத்தியானம் அப்பாவும் மகனும் பேச்சில்லாமல் சாப்பிட்டார்கள். அம்மாவின் மீன் குழம்பில் அதே பழைய ருசி. ஆனாலும் அந்த மௌனம் தாங்காமல், நாளைக்கே கிளம்பிவிடலாம் என்று அவன் நினைத்தபோது அப்பா தொண்டையைச் செருமினார்.

"ஏலே, வியன்னாவுல அந்த ஹங்கேரிக்காரன்கிட்ட எதுக்குத் தோத்த? அவன் குதிரைய நீ வெட்டியிருக்கப்படாதுல்லா."

சாரம்மாளின் கையில் அகப்பை அப்படியே நின்றது.

"ஒங்களுக்கு எப்படிப்பா தெரியும்?"

"பாதிரியாருக்கு வர்ற லண்டன் பத்திரிகைல ஒன் ஆட்டத்த எல்லாம் போடுதாங்கலே. அது வெளங்கணும்னு அவருகிட்டயே ஆடப் படிச்சேன்."

பாக்கியசீலன் சோற்றுக் கையோடு அப்பா பக்கம் திரும்பினான். "குதிரைய வெட்டலேன்னா என் ராஜா மாட்டிக்கிடுமேப்பா."

"மாட்டாதுலே. எத்தன தடவ ஆடிப் பாத்திருக்கேன்!"