ஆறு ரூட்டரும் என் உழைப்பு

"ஆறு ரூட்டரையும் நானே உக்காந்து செட் பண்ணேன் சார்."

சொல்லும்போது எனக்கு வாய் கூசவில்லை. மூன்று நேர்காணல்களில் மண்ணைக் கவ்வியவனுக்கு வாய் கூசாது.

எதிரே மூன்று பேர். நடுவில் இருந்தவர் நெட்வொர்க் பிரிவின் தலைவர். மேஜைமேல் என் லேப்டாப், அதற்குள் அந்த ஆறு ரூட்டரும் அடங்கிய என் பயிற்சி ஆய்வகம்.

நிஜ ரூட்டர்களை வாங்கி வீட்டில் அடுக்கிப் பழகுவதெல்லாம் நடக்கிற காரியமா? அவற்றின் மென்பொருளை மட்டும் நகலெடுத்து லேப்டாப்பில் ஏற்றிவிட்டால் போதும், பெட்டியே இல்லாமல் ரூட்டர் ஓடும். எங்கள் தொழிலில் எல்லோரும் பழகுவது இப்படித்தான்.

நான் அதுகூடப் பழகவில்லை. அக்காவின் வீட்டுக்காரர் பென்டிரைவில் முழு ஆய்வகத்தையும் போட்டுக் கொடுத்தார். அவருக்கு யார் கொடுத்தார்கள் என்பது அவருக்கே நினைவில்லை.

இந்த வேலையும் கைநழுவினால் அக்கா வீட்டு சோபாவிலேயே காலம் தள்ள வேண்டும். அக்கா ஒரு வார்த்தை சொல்ல மாட்டாள். அதுதான் தாங்க முடியாது.

முதல் ரூட்டரை மட்டும் ஓட்டிக் காட்டச் சொன்னார் தலைவர்.

ஓட்டினேன். ரூட்டருக்குள் நுழையும்போது ஒரு வரவேற்பு வாசகம் வரும். அமைத்தவர் இஷ்டத்துக்கு எழுதி வைப்பது அது. கறுப்புத் திரையில் நிதானமாக வந்து நின்றது.

'உழைத்துச் செய்தவன் குண்டுமணி. காப்பி அடிப்பவன் உருப்படவே மாட்டான்.'

என் பெயர் குண்டுமணி இல்லை என்பது அவர்கள் கையிலிருந்த விண்ணப்பத்தின் முதல் வரியிலேயே இருந்தது.

வீட்டில் ஒரே ஒரு தடவை ஓட்டிப் பார்த்திருக்கலாம். அதற்கும் சோம்பேறித்தனம். எழுந்து ஓடிவிடலாம் போல அவமானமாக இருந்தது.

லேப்டாப்பை மூடப் போனேன். தலைவர் கையைக் காட்டித் தடுத்தார்.

வலப்பக்கத்தவர் கூரையை ஆராய்ந்துகொண்டிருந்தார். இடப்பக்கத்தவர் பேனா மூடியைத் தேடினார். அது பேனாவில்தான் இருந்தது.

தலைவர் எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். குரலைத் தாழ்த்தினார்.

"திங்கட்கிழமை வேலைக்கு வர்றதுக்குள்ள நாலாவது ரூட்டர்லயும் இந்த வரியை அழிச்சிடுங்க தம்பி. முதல் ரூட்டர்ல மட்டும் அழிச்சிட்டு வந்து, இதே நாற்காலியில நான் மாட்டினது அந்த நாலாவதுலதான்."